தோற்ற அணியில் தோற்காத வீரர்

பூதிகோட்டை என்றவுடன் ஐதர் அலியின் நினைவு எழுதல் இயல்பு. அவர் பிறந்த இம்மண்ணின் அருகே, கோலார் தங்கவயலை நம்பி வந்த தமிழ்க் குடும்பங்கள் தலைமுறை பல கண்டு வாழ்ந்து வருகின்றன. போர்க்களத்தில் வென்றவர்களின் வரலாற்றை நம் பிள்ளைகள் பள்ளியிலேயே படித்து விடுகின்றனர். ஆகவே, இவ்வாண்டு மலரில் வேறொரு வகை வீரரைப் பற்றி எழுத விழைந்தோம். அவர் வாளெடுத்தவர் அல்லர், பந்தெடுத்தவர். அவர் ஆடிய அணி கடல் கடந்து சென்று பெரும்பாலும் தோல்வியே கண்டு திரும்பிற்று. எனினும், அத்தோல்வி நிறைந்த ஆண்டே அவர் பெயரை உலகறியச் செய்தது. அவர்தாம் பல்வங்கர் பாலு.

பாலு என்ற பெயரைக் கேட்டதும் நம் தெருப் பிள்ளை ஒருவனை அழைப்பது போலத் தோன்றும். ஆனால் அவர் மராத்தியர். பல்வங்கர் என்பது, கொங்கணக் கரையில் இரத்தினகிரிப் பகுதியில் உள்ள அவர்தம் பூர்வீக ஊரால் வந்த பெயர். பிறந்ததோ, இன்று நாம் வாழும் இதே கருநாடக மாநிலத்தில் அடங்கிய தார்வார் நகரம். ஆண்டு 1876. தோல் தொழிலுக்கு உரியதென்று ஒதுக்கி, தீண்டத்தகாதது என்று இழித்துரைக்கப்பட்ட வகுப்பில் அவர் தோன்றினார்.

உருளை இழுத்த கைகள்

அவருடைய குடும்பம் புனா நகரில் வாழ்ந்தது. இராணுவத்தைச் சார்ந்த சிறு வேலை பார்த்துத் தந்தையார் குடும்பத்தைக் காத்தார். பாலுவும் அவர் தம்பி சிவராமும், வெள்ளை அதிகாரிகள் வீசியெறிந்த பழைய மட்டைகளையும் பந்துகளையும் கொண்டு ஆடக் கற்றனர் என்பர். வறுமை காரணமாகப் பாலுவின் படிப்பு நீடிக்கவில்லை. பார்சிகளின் ஆட்டக் கழகம் ஒன்றில் தரை பெருக்கவும் உருளை இழுக்கவும் வேலைக்கு அமர்ந்தார். சம்பளம் மாதம் 3 ரூபாய். பின்னர், 1892-ஆம் ஆண்டையொட்டி, ஐரோப்பியருக்கே உரிய புனா மன்றத்தில் சேர்ந்தார். அங்கே மாதம் 4 ரூபாய்.

ஆடுகளத்தைச் சமன் செய்தல், கோடு போடுதல், வலை கட்டுதல் ஆகியவை அவருடைய பணி. இவற்றோடு, மன்றத்து உறுப்பினர்கள் மட்டை பிடித்துப் பழகுவதற்குப் பந்து வீசவும் வேண்டும். இடக்கையால் மெதுவாகச் சுழற்றி வீசுவது அவர் முறை. பார்வைக்கு எளிதாய் வரும் அப்பந்து, தரையில் விழுந்தபின் எதிர்பாராத பக்கம் திரும்பும். நாள்தோறும் மணிக்கணக்கில் வீசி வீசி அக்கை பண்பட்டது. அக்காலத்தில் இந்தியாவிலிருந்த ஐரோப்பிய ஆட்டக்காரருள் சிறந்தவரான கிரெய்க் என்னும் படை அதிகாரி, பாலுவின் பந்துக்கு எதிராகவே பயிற்சி செய்தார். தம்மை ஆட்டமிழக்கச் செய்யும்போதெல்லாம் எட்டணா கொடுத்தார் என்றொரு செய்தியும் வழங்குகிறது.

பந்து வீச அவரை அழைத்தவர்கள், மட்டை பிடிக்க ஒருநாளும் அழைக்கவில்லை. மட்டை பிடித்தல் துரைமாருக்கு. பந்து வீசி வியர்த்தல் ஏவலாளுக்கு. இந்தப் பாகுபாட்டைத் தங்கவயலில் வளர்ந்த நமக்கு எவரும் விளக்க வேண்டுவதில்லை. இங்கும் துரைமாரின் மன்றங்கள் இருந்தன. அவற்றின் புல்தரையைப் பேணியவர்கள் நம்மவர் அல்லாமல் வேறு யார்?

மைதானத்தில் ஒரு நீதி, பந்தலில் ஒரு நீதி

பாலுவின் திறமை புனா நகரெங்கும் பரவிற்று. ஐரோப்பியரோடு மோதிய இந்துக்களின் அணி ஒன்று அவரைச் சேர்த்துக்கொள்ள விரும்பிற்று. சேர்க்கலாமா கூடாதா என்று உள்ளுக்குள் வழக்கு நடந்தது. வெற்றி வேண்டுமென்ற ஆசை ஆசாரத்தை வென்றதால் இறுதியில் சேர்த்துக்கொண்டனர்.

மைதானத்தில் பாலு தொட்ட பந்தையே எல்லாரும் தொட்டனர். ஆனால் தேநீர் வேளையில் மற்றவர் உள்ளே அமர்ந்து பீங்கான் கோப்பையில் பருக, அவருக்கு வெளியே மண்கலயத்தில் கொடுத்தனர். உணவும் தனி இடத்தில், தனித் தட்டில். முகம் கழுவத் தண்ணீர் ஊற்றுவதற்கும் அவர் வகுப்பைச் சேர்ந்த ஏவலாள் ஒருவரே வரவேண்டும். ஒரே பந்து; ஒரே வெற்றி; ஆனால் ஒரே குவளை இல்லை.

சதாரா நகரில் ஐரோப்பியரோடு ஆடியபோது, பாலுவின் சுழலை அடக்குவதற்காக ஆடுகளத்தைப் பல நாள் உருட்டி இறுக்கினர் என்று கூறுவர். உருளை இழுத்தே வளர்ந்தவரிடம் அந்த உபாயம் பலிக்கவில்லை. அவர் 7 விக்கெட்டுகளை வீழ்த்தினார், அணி வென்றது. விளையாட்டை அறியாத தாய்மார்களின் பொருட்டு ஒன்று சொல்வோம். ஒரு விக்கெட் வீழ்த்துதல் என்பது எதிரணியின் ஆட்டக்காரர் ஒருவரை வெளியேற்றுதல். பத்துப் பேரை வெளியேற்றினால் அவ்வணியின் முறை முடிந்தது. அப்பத்தில் ஏழு பேரை ஒருவரே வெளியேற்றுதல் எளிய செயலன்று. ஆட்டத்தில் சேர்த்துக்கொண்டவரை உணவில் விலக்குவது முறையன்று என்று மகாதேவ கோவிந்த ரானடே போன்ற பெரியோர் அந்நாளில் எடுத்துரைத்தனர்.

19-ஆம் நூற்றாண்டின் இறுதியில், பிளேக் நோய் பரவிய காலத்தையொட்டிப் பாலு பம்பாய்க்குக் குடிபெயர்ந்தார். அங்கே ரயில்வேயில் வேலை கிடைத்தது. ரயில்வே அணிக்கும் ஆடினார். தண்டவாளத்தை நம்பிப் பிழைக்கும் நம்போன்றோர்க்கு இச்செய்தி தனி மகிழ்ச்சி தருவதாகும். பம்பாய் இந்து ஜிம்கானாவிலும், எதிர்ப்புகளைக் கடந்து, இடம் பெற்றார்.

1906-ஆம் ஆண்டு பிப்ரவரியில் பம்பாயில் இந்துக்கள் ஐரோப்பியரை 109 ஓட்ட வேறுபாட்டில் வென்றனர். அவ்வணியில் பாலுவும் சிவராமும் இருந்தனர். ஆள்வோரை ஆளப்படுவோர் வென்ற அச்செய்தி நாடெங்கும் பேசப்பட்டது. அந்நாளில் பம்பாயிலிருந்து வெளிவந்த இந்தியன் சோஷியல் ரிஃபார்மர் என்னும் ஏட்டின் ஆசிரியர், தஞ்சைச் சீமைத் தமிழர் காமாட்சி நடராஜன். சாதிச் சுவரைச் சற்றே தாழ்த்தியதன் பயன் அவ்வெற்றி என்று அவர் ஏடு எழுதிற்று. பிழைக்கச் சென்ற ஊரில் ஒரு தமிழரின் ஏடு, வேற்றுமொழி பேசிய ஏழை வீரர்க்கு நீதி வழங்கியது நாம் நினைந்து பெருமை கொள்ளத்தக்கதாகும்.

1911 : தோல்வியின் ஆண்டு

இனி நம் வரலாற்றின் மையத்திற்கு வருவோம். இந்தியாவின் பெயரால் ஓர் அணியை இங்கிலாந்துக்கு அனுப்ப வேண்டும் என்ற முயற்சி சில முறை எழுந்து அடங்கியபின், 1911-இல் நிறைவேறிற்று. அதற்குமுன் பார்சிகள் மட்டும் 1886-இலும் 1888-இலும் சென்று வந்திருந்தனர். இப்போதுதான் பல சமயத்தார் ஓரணியாயினர். தலைவர், பத்தொன்பது வயதே நிரம்பிய பாட்டியாலா மகாராஜா பூபிந்தர் சிங். அவரன்றி ஆறு பார்சிகள், ஐந்து இந்துக்கள், மூன்று முஸ்லிம்கள். அந்த ஐந்து இந்துக்களுள் இருவர் பாலுவும் சிவராமும். மற்றொருவர் நம் மைசூர்ச் சீமையின் பெங்களூர் ஜெயராம்.

ஓரணி என்றோம், அது பெயரளவில்தான். பம்பாயில் ஒருவரையொருவர் எதிர்த்து ஆடியவர்களே பெரும்பாலும் அதில் இருந்தனர். சேர்ந்து பழக அவகாசம் இல்லை. மகாராஜா சில ஆட்டங்களோடு நின்று விட்டார். அது ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் முடிசூட்டு விழா நடந்த ஆண்டு. ஜூன் 22-ஆம் நாள் நடந்த அவ்விழாவும், இலண்டன் விருந்துகளும் அவரை இழுத்துக்கொண்டன. அவர் போனதோடு, அவருடைய செயலாளராக இருந்த மிஸ்திரி என்னும் தேர்ந்த மட்டைக்காரரும் பெரும்பாலான ஆட்டங்களுக்குக் கிடைக்கவில்லை. பார்சி வீரர் டாக்டர் காங்கா அணியைத் தாங்கிப் பிடித்தார். ஓர் ஆட்டம் முடிந்ததும் ரயிலேறி அடுத்த ஊர். அங்கே மீண்டும் ஆட்டம். போதிய ஓய்வில்லை, காயமுற்றவர்க்கு மாற்றாளும் போதவில்லை.

முதல் மோதல் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழக மாணவர் அணியோடு, தோல்வி. அதில் பாலு 5 விக்கெட்டுகளை வீழ்த்தினார். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தோடும் தோல்வி. ஆனால் அங்கே எதிரணியின் ஒரே முறையில் பாலு 103 ஓட்டங்கள் கொடுத்து 8 விக்கெட்டுகளை எடுத்தார். பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டவரின் பந்தைக் கண்டு, உலகப் புகழ்பெற்ற கல்விக்கூடத்து இளைஞர்கள் திகைத்து நின்ற காட்சியை நாம் மனக்கண்ணால் காணலாம். ஜூன் மாதம் முழுவதும் தோல்விமேல் தோல்வி வந்தது. ஊரில் செய்தித்தாள் படித்தவர்கள் சலித்துக்கொண்டனர்.

அவ்வாண்டு இங்கிலாந்தில் கடுங்கோடை. மழை ஈரமுள்ள தரையில் சுழற்பந்து நன்கு திரும்பும். காய்ந்து இறுகிய தரை மட்டைக்காரர்க்கே துணை செய்யும். பாலுவுக்கு வயது முப்பத்தைந்து. தோளில் நோவு வேறு. தரையும் உதவவில்லை, தலைவரும் இல்லை, தம்மவர் எடுத்த ஓட்டங்களும் போதவில்லை. இவ்வளவுக்கும் நடுவே அவர் ஒருவர் பந்தைக் கையில் வாங்கி, காலை முதல் மாலை வரை வீசிக்கொண்டே இருந்தார்.

ஜூலையில் விடிவு வந்தது. லெஸ்டர்ஷயர் அணியோடு நடந்த ஆட்டத்தில் பாலு முதல் முறையில் 5, இரண்டாம் முறையில் 6, ஆக 11 விக்கெட்டுகளை வீழ்த்தினார். இந்திய அணி 7 விக்கெட் வேறுபாட்டில் வென்றது. அடுத்து டாண்டன் நகரில் சாமர்செட் அணியோடு மோதினர். இம்முறை அண்ணன் வழியில் தம்பி. சிவராம் ஆட்டமிழக்காமல் 113 ஓட்டங்கள் எடுத்து, ஒரே ஒரு விக்கெட் எஞ்சியிருந்த நிலையில் வெற்றியைக் கொண்டுவந்தார். முதல்தர அணிகளோடு அவ்வாண்டு கிடைத்த வெற்றிகள் இவ்விரண்டே. ஒன்று அண்ணன் கையால் வந்தது; மற்றொன்று தம்பி மட்டையால் நிறைவேறியது. இந்தியாவின் மானத்தை அயல்நாட்டில் காத்த அவ்விருவரும், சொந்த நாட்டில் பல வீடுகளின் வாயிற்படி ஏற முடியாதவர்கள்!

கணக்கைக் கூட்டிப் பார்ப்போம். மொத்தம் 23 ஆட்டங்கள். வெற்றி 6, தோல்வி 15, முடிவின்றி நின்றவை 2. முதல்தர ஆட்டங்கள் 14-ஐ மட்டும் எடுத்தால் வெற்றி 2, தோல்வி 10. இஃது அணியின் கணக்கு. பாலுவின் கணக்கு வேறு. முதல்தர ஆட்டங்களில் 75 விக்கெட்டுகள். ஒவ்வொன்றுக்கும் அவர் கொடுத்தவை சராசரியாக 20 ஓட்டங்களே. எல்லா ஆட்டங்களையும் சேர்த்தால் 114 விக்கெட்டுகள். ஒரு கோடையில் நூறு விக்கெட் எடுத்தல் இங்கிலாந்தின் தொழில்முறை வீரர்க்கே பெருமை தரும் செயல். தோற்றுக்கொண்டிருந்த அணியில், வேற்று நாட்டுத் தரையில், நம் பாலு அதைச் செய்தார்.

மறுக்கப்பட்ட தலைமை

அணி திரும்பியபோது, பம்பாயில் ஒடுக்கப்பட்ட மக்கள் ஒன்றுகூடிப் பாலுவுக்கு வரவேற்பளித்தனர். அவ்விழாவின் வரவேற்பு மடலை எழுதியவர், அப்போது கல்லூரி மாணவராயிருந்த அண்ணல் அம்பேத்கர் என்று வரலாற்றாசிரியர் கூறுவர்.

இத்துணைப் புகழ் பெற்றும், பம்பாயில் நடந்த நாற்சமயப் போட்டியில் இந்துக்களின் அணிக்குப் பாலு தலைவராக்கப்படவில்லை. தகுதியிலும் மூப்பிலும் அவரே முதல்வர். தலைவராக்கப்பட்ட முகுந்தராவ் பாய் அவர்களே, இப்பதவி பாலுவுக்கு உரியதென்று 1913-இல் வெளிப்படையாகக் கூறினார். அச்சான்றாண்மையை நாம் போற்றுகிறோம். ஆயினும் ஆண்டுகள் பல கடந்தும் தலைமை வரவில்லை.

1920-இல் பொறுமையின் எல்லை வந்தது. அவ்வாண்டு பாலுவுக்கு அணியிலேயே இடமில்லை. பாய் உடல்நலம் குன்றியபோது தலைமை மீண்டும் வேறொருவர்க்குச் சென்றது. உடனே தம்பியர் சிவராமும் விட்டலும் ஆட மறுத்து விலகினர். தாங்கள் விலகிய காரணம் சாதியே என்று அறிக்கை வெளியிட்டனர். ஊர் இரண்டுபட்டது. பாய் உடல் தேறித் திரும்பியதும் சமரசம் ஏற்பட்டுச் சகோதரர்கள் மீண்டும் அழைக்கப்பட்டனர்; பாலு துணைத்தலைவரானார். இறுதி ஆட்டத்தில் பாய் சிறிது நேரம் மைதானத்தை விட்டு அகன்று, அந்நேரத்துக்குப் பாலு அணியை நடத்தும்படி செய்தார். வாழ்நாள் உழைப்புக்குக் கிடைத்த தலைமை அச்சிறு பொழுதே.

மூன்று ஆண்டுகள் சென்றன. தீண்டாமைக்கு எதிராகக் காந்தியடிகள் எழுப்பிய குரலும் நாட்டில் பரவியிருந்தது. 1923-இல் தம்பி விட்டல் இந்துக்களின் அணிக்குத் தலைவரானார். அவ்வாண்டு அவர்கள் ஐரோப்பியரை வென்றனர். கூட்டத்தினர் விட்டலைத் தோளில் தூக்கிக் கொண்டாடினர். அண்ணனுக்கு மண்கலயம் கொடுத்த சமூகம், தம்பியைத் தோளில் சுமந்தது.

இங்கே நாம் ஒன்றை ஊன்றி எண்ண வேண்டும். திறமை இருந்தால் உயர்வு தானே வரும் என்பார் உளர். பாலுவின் வாழ்வு அதனை முழுதும் ஒப்பவில்லை. கால் நூற்றாண்டுக் காலம் அவர் வீழ்த்திய விக்கெட்டுகள் அவருக்கு மதிப்பைத் தேடித் தந்தன, உரிமையைத் தரவில்லை. உரிமைக்குக் கதவு திறந்தது, ஆடமாட்டோம் என்று தம்பியர் எழுந்து நின்ற அன்றுதான். உழைப்பும் வேண்டும், உழைப்பை மதியாத இடத்தில் மறுத்து நிற்கும் துணிவும் வேண்டும்.

பொதுவாழ்வும் இறுதியும்

ஆட்டத்தினின்று ஓய்ந்தபின் பாலு பொதுவாழ்வில் ஈடுபட்டார். 1932 செப்டம்பரில் எரவாடா சிறையில் காந்தியடிகள் உண்ணாநோன்பு இருந்தபோது, உருவான புனா ஒப்பந்தத்தில் கையொப்பமிட்டவர்களுள் அவரும் ஒருவர். நம் தமிழகத்தின் எம். சி. ராஜாவும் இரட்டைமலை சீனிவாசனும் அதில் கையொப்பமிட்டனர். மாதம் 4 ரூபாய்க்கு உருளை இழுத்த அதே புனாவில், நாட்டின் விதியை எழுதிய தாளில் அவர் பெயர் ஏறிற்று.

1937-இல் பம்பாய்ச் சட்டசபைத் தேர்தலில் காங்கிரஸ் கட்சி அவரை அம்பேத்கருக்கு எதிராக நிறுத்தியது. அம்பேத்கர் பெற்றவை 13,245 வாக்குகள். பாலு பெற்றவை 11,225. அன்று வரவேற்பு மடல் எழுதிய கை வென்றது. பந்து வீசிய கை தோற்றது. கருத்தால் வேறுபட்டாலும் இருவரும் ஒரே துன்பத்தினின்று எழுந்தவர்கள் என்பதை மறத்தலாகாது.

1955 ஜூலையில் பம்பாயில் பாலு காலமானார். முதல்தர ஆட்டங்கள் 33-இல் 179 விக்கெட்டுகள், ஒவ்வொன்றுக்கும் 15 ஓட்டங்களுக்குச் சற்று மேல் என்பது அவர் விட்டுச்சென்ற கணக்கு. பின்வந்தோர் அவரை மறந்தனர். 2002-இல் இராமச்சந்திர குகாவும், 2019-இல் பிரசாந்த் கிடாம்பியும் எழுதிய நூல்களால் அவர் வரலாறு மீண்டும் வெளிச்சம் பெற்றது.

அன்பர்களே! தங்கவயல் சுரங்கம் 2001 பிப்ரவரி 28-ஆம் நாள் மூடப்பட்டது. அன்று முதல் நம் மக்கள் பலரும் தோல்வியின் ஆண்டுகளையே கண்டு வருவதாக மனம் சோர்கின்றனர். விடியுமுன் மாரிக்குப்பத்தில் ரயிலேறி, பெங்களூர் சென்று உழைத்து, இரவு திரும்பும் இளைஞர்களை நாம் நாள்தோறும் பார்க்கிறோம். அணியின் தோல்வி ஒவ்வொருவரின் தோல்வி ஆகாது என்பதற்குப் பாலுவின் 1911-ஆம் ஆண்டு சான்று. சுரங்கத்தை மூடியவர்கள் நம் பிள்ளைகள் அல்லர். ஆதலின் அத்தோல்வியை அவர்கள் தலைமேல் சுமத்தலாகாது.

நாம் செய்யத்தக்கது ஒன்றுண்டு. நம் சங்கத்து இளைஞர் அணிக்குத் தலைவரைத் தெரிவு செய்யும் நாளில், எந்தத் தெரு, எந்த வகுப்பு, எவர் வீட்டுப் பிள்ளை என்று நோக்காது, ஆட்டத்தை மட்டும் நோக்குவோம். ஆட்டம் முடிந்தபின் எல்லாரும் ஒரே பந்தியில் அமர்ந்து ஒரே வகைக் குவளையில் பருகுவோம். செலவில்லாத செயல், ஆயினும் பாலு வாழ்நாளெல்லாம் காத்திருந்த செயல்.

வாழ்க பல்வங்கர் பாலுவின் புகழ்! வளர்க நம் சங்கம்!